கிஹாச்சி திருடியிருக்க வேண்டுமா? ஓசுவின் ‘டோக்கியோவில் ஒரு விடுதி’ (1935)

பழையரீல்:

ஜப்பானிய இயக்குநர் யாசுஜிரோ ஓசுவின் ஊமைப்படம் ‘டோக்கியோவில் ஒரு விடுதி’ பார்த்தவர்களிடம் பேசினால் முக்கால்வாசிப் பேர் ஒன்றையே சொல்கிறார்கள். படம் முழுக்க அருமை, கடைசியில்தான் அழுகைப் படமாகிவிட்டது, நாயகன் கிஹாச்சி செய்யும் அந்தத் திருட்டு தேவையே இல்லை என்று. எனக்கு அப்படித் தோன்றவில்லை. திருட்டு இல்லாமல் இந்தப் படம் முடியவே முடியாது என்பதுதான் என் கட்சி. முடிவையும் சேர்த்துத்தான் பேசப்போகிறேன், பார்க்காதவர்கள் பார்த்துவிட்டு வாருங்கள், 80 நிமிடம்தான்.

கதை சின்னது. கிஹாச்சிக்கு வேலை இல்லை. மனைவி கூட இல்லை. இரண்டு பையன்களையும் ஒரு துணி மூட்டையையும் வைத்துக்கொண்டு டோக்கியோவின் கிழக்கே, கோட்டோ பக்கத்துத் தொழிற்சாலை வெளியில் நடந்துகொண்டே இருக்கிறான். ஒவ்வொரு ஆலை வாசலிலும் ஆள் வேண்டாம் என்கிறார்கள். பையன்கள் சாலையோரத்தில் உட்கார்ந்திருப்பார்கள், அப்பா திரும்பி வரும் நடையைப் பார்த்தே அவர்களுக்குப் பதில் தெரிந்துவிடும். தெருநாயைப் பிடித்துக் கொடுத்தால் 40 சென் (ஜப்பானியச் சில்லறைக் காசு) கிடைக்கும், வெறிநாய்க்கடி நோயைத் தடுக்க அப்போது அப்படி ஒரு ஏற்பாடு. ஆக, அப்பாவால் சம்பாதிக்க முடியாத காசைப் பையன்கள் நாயைத் துரத்திச் சம்பாதிக்கிறார்கள். ஒருநாள் அந்தக் காசில் பெரியவன் ஜென்கோ ஒரு தொப்பி வாங்கிவிடுகிறான். சாப்பாட்டுக்கு ஆகவேண்டிய காசு தலையில் தொப்பியாக உட்கார்ந்திருக்கிறது. அந்தப் பையனைத் திட்டவும் மனம் வராது, விடவும் முடியாது.

என் வாதம் இங்கேதான் ஆரம்பிக்கிறது. இந்தப் படத்தில் அந்தக் குடும்பத்துக்கு எப்போதுமே இரண்டு தேவைகள், கையில் ஒன்றுக்கு மட்டும்தான் காசு. தொப்பி வாங்கினால் சாப்பாடு இல்லை. யார் மூட்டையைத் தூக்குவது என்று பையன்கள் சண்டை போட்டு அதை நடுவழியில் வைத்துவிட்டுப் போகிறார்கள், திரும்பிப் பார்த்தால் மூட்டை இல்லை. அதன்பிறகு மிச்சமிருக்கும் சில்லறையை எண்ணிப் பார்த்து அப்பா கேட்கிறான்: சாப்பிடலாமா, விடுதியில் படுக்கலாமா? சாப்பாடு என்று முடிவாகிறது. சாப்பிட்டுவிட்டு வெளியே வந்தால் மழை. போக இடமில்லை. இதே கணக்கு கடைசியில் பெரிதாகி வந்து நிற்கிறது, என் பிள்ளைகளா, வழியில் பழகிய பெண்ணின் நோயாளிப் பிள்ளையா என்று. வெளியிலிருந்து கொண்டுவந்து ஒட்டிய முடிவே அல்ல அது.

தென்றல்வெளி:

பழையரீல், நீங்கள் கணக்கை அழகாகச் சொல்கிறீர்கள், ஆனால் அந்தக் கணக்கில் அந்தப் பையன்கள் எங்கே?

நடந்ததை அப்படியே சொல்லிப் பார்ப்போம். அந்த மழையில் பழைய சிநேகிதி ஓட்சுனே எதிர்ப்பட்டு, கிஹாச்சிக்கு வேலை வாங்கிக் கொடுத்து, ஒரு கூரையும் கிடைக்கிறது. பையன்கள் வயிறாரச் சாப்பிடுகிறார்கள். வழியில் பழக்கமான ஓடாகா என்ற பெண்ணும் அவள் மகள் கிமிகோவும் வந்து போகிறார்கள், நாலு நாள் எல்லோரும் மனிதர்களாக இருக்கிறார்கள். பிறகு ஓடாகாவைக் காணோம். ஒரு சாராயக் கடையில் பரிமாறுகிற பெண்ணாக அவளைப் பார்த்ததும் இவன் கோபப்படுகிறான். குழந்தை சீதபேதியில் ஆஸ்பத்திரியில் கிடக்கிறது, வேறு வழி இல்லை என்கிறாள். உடனே இவன் திருடப் போகிறான்! அந்தப் பணத்தை ஆஸ்பத்திரிக்கு எடுத்துப்போகச் சொல்லித் தன் பையன்கள் கையிலேயே கொடுக்கிறான். எனக்கு இதுதான் தாங்கவில்லை. நாய் பிடித்துச் சோறு போட்ட பிள்ளைகள் கையில் திருட்டுப் பணம். அப்புறம் ஓட்சுனேயிடம் பிள்ளைகளை ஒப்படைத்துவிட்டுப் போலீசுக்குப் போய்விடுகிறான். அவனுக்கு மனசாட்சி சுத்தமாகிவிட்டது, சரி. ஜென்கோவுக்கு? அவன் அம்மாவும் இல்லாமல் இப்போது அப்பாவும் இல்லாமல் நிற்கிறானே?

இதைத் தியாகம் என்று சொல்லும்போது எனக்குக் கோபம்தான் வருகிறது.

கரும்பலகை:

இரண்டு பேருக்கும் ஒரு தகவல், இது விவாதத்துக்கு உதவும் என்று நினைக்கிறேன். ஓசுவின் ஊமைப்படங்களில் குழந்தைக்கு நோய் வருவது இதில் மட்டும் இல்லை. வரிசையாகப் பாருங்கள்.

1930, ‘அன்றிரவின் மனைவி’. மகள் சாகக் கிடக்கிறாள், அப்பா ஒரு அலுவலகத்தில் துப்பாக்கி காட்டிக் கொள்ளையடித்துவிட்டு வீட்டுக்கு ஓடிவருகிறான். துப்பறிவாளர் பின்னாலேயே வந்து உட்கார்ந்துவிடுகிறார். குழந்தைக்கு இந்த ராத்திரி தாண்டினால் பிழைக்கும் என்று டாக்டர் சொன்னதால் அந்த ஒரு ராத்திரிக்காக அம்மா துப்பாக்கியை நீட்டிக்கொண்டு நிற்கிறாள். விடிந்ததும் அப்பா சரணடைகிறான்.

1931, ‘டோக்கியோ கோரஸ்’. காப்பீட்டுக் கம்பெனியில் ஒரு வயதான ஊழியரை அநியாயமாக வேலையை விட்டு அனுப்புகிறார்கள், அதைத் தட்டிக்கேட்டதற்கு நாயகனுக்கும் வேலை போகிறது. (அந்த வயதானவராக நடித்தவர் தகேஷி சகமோட்டோ, நம் கிஹாச்சியேதான்.) மகளுக்கு உடம்பு முடியாமல் போகிறது. ஆஸ்பத்திரிச் செலவுக்கு மனைவியின் கிமோனோக்களை விற்றுவிடுகிறான். குழந்தை குணமாகி வீட்டுக்கு வந்தபின் மனைவி அலமாரியைத் திறந்து பார்க்கிறாள், காலி. அந்த நேரத்தில் பிள்ளைகளோடு நாலு பேரும் வட்டமாக உட்கார்ந்து கைதட்டி விளையாடுகிறார்கள். அவள் கண் கலங்குகிறது, விளையாட்டை நிறுத்த முடியாததால் கையைத் தட்டிக்கொண்டே இருக்கிறாள், கொஞ்ச நேரத்தில் அவள் முகம் மெல்லச் சிரிப்புக்கு மாறுகிறது. பேச்சை எழுதிக் காட்டும் வசன அட்டை ஒன்றுகூடக் கிடையாது. நான் பார்த்த ஊமைப்படக் காட்சிகளில் இதற்கு மேல் ஒன்று இல்லை என்பேன். மகளாக வருவது ஹிடெகோ தகமினே, பின்னால் பெரிய நடிகையானவர்.

1933, ‘தேகிகோகோரோ’. கிஹாச்சி என்ற பாத்திரம் முதலில் வந்த படம். மகன் கையில் 50 சென் கொடுக்கிறான், பையன் அத்தனைக்கும் மிட்டாய் வாங்கித் தின்றுவிட்டுப் படுத்துவிடுகிறான். ஆஸ்பத்திரிக்குக் கட்டக் காசில்லை. கடன் வாங்கிக் கட்டி, அதை அடைக்க வடக்குத் தீவான ஹொக்கைடோவுக்குக் கூலியாகக் கப்பல் ஏறுகிறான்.

1935இல் இது. ஐந்து வருடத்துக்குள் நான்கு படங்கள், நான்கிலும் குழந்தைக்கு நோய், நான்கிலும் அப்பாவிடம் காசில்லை. கொள்ளை, கிமோனோ, கடன், திருட்டு. திரைக்கதைக்கு வசதியான ஒரு திருப்பமாக மட்டும் இதைப் பார்க்க முடியவில்லை.

நள்ளிரவுரயில்:

கரும்பலகை சொன்னதற்குப் பின்னால் சட்டமும் இருக்கிறது.

ஜப்பானில் தொழிலாளர் மருத்துவக் காப்பீட்டுச் சட்டம் 1922இல் நிறைவேறி 1927இல்தான் நடைமுறைக்கு வந்தது. ஆலையில், சுரங்கத்தில் வேலையில் இருப்பவனுக்கு மட்டும். அவன் பிள்ளைக்குக் கிடையாது. வேலை போய்விட்டால் அவனுக்கும் கிடையாது. பொதுமக்களுக்கான காப்பீட்டுச் சட்டம் 1938இல் வந்தது, எல்லோரையும் உள்ளே கொண்டுவர 1961 ஆயிற்று. ஏழைகளுக்கான நிவாரணச் சட்டம் ஒன்று 1929இல் போட்டார்கள், காசில்லை என்று தள்ளிப்போட்டு 1932இல் அமலுக்கு வந்தது. அதிலும் முதியவர், சின்னப் பிள்ளைகள், கர்ப்பிணிகள், உடல் முடியாதவர்கள் என்று பட்டியல். கைகால் நன்றாக இருந்து வேலை கிடைக்காதவனுக்கு அதில் இடமே இல்லை. வேலையில்லாக் காப்பீடு போருக்குப் பிறகு 1947இல்தான்.

இப்போது கிஹாச்சியைப் பாருங்கள். உடம்பு நன்றாக இருக்கிறது. அதனாலேயே அரசாங்கத்தின் கணக்கில் அவன் ஏழை அல்ல. 1930 ஜனவரியில் ஜப்பான் நாணய மதிப்பைத் தங்கத்தோடு கட்டும் முறைக்குத் திரும்பியது, அதே நேரத்தில் உலகமே மந்தத்தில் விழுந்தது, பட்டு விலை சரிந்து கிராமங்கள் நொடித்தன, நகரங்களில் ஆலைகள் ஆளைக் குறைத்தன. 1935 வாக்கில் ஆயுத உற்பத்தியும் ஏற்றுமதியும் சேர்ந்து பொருளாதாரம் கணக்குப்படி மீண்டுவிட்டது. ஓசு காட்டுவது அப்படி மீண்டுவிட்டதாகச் சொல்லப்படும் ஊரில், புகைபோக்கிகள் நிற்கும் இடத்திலேயே வேலை இல்லாமல் நடக்கிற ஒருவனை. அந்தப் பகுதியும் அவர் அறியாத இடம் அல்ல. அவர் 1903இல் பிறந்தது பக்கத்திலேயே, ஃபுகாகாவாவில். 1923 நிலநடுக்கத்தில் எரிந்து சாம்பலான பகுதி அது.

மழைக்காகிதம்:

ஒரு சின்னச் சந்தேகம். 1935இல் ஏன் ஊமைப்படம்? மற்ற நாடுகளில் அதற்குள் எல்லாம் பேச ஆரம்பித்துவிட்டதே. அதுவும் நான் பார்த்த பிரதியில் இசை வருகிறது, பேச்சு மட்டும் இல்லை.

கரும்பலகை:

அது இசையை மட்டும் பதிவு செய்து சேர்த்து வெளியிட்ட படம், அந்தக் காலத்தில் ஜப்பானில் அப்படி நிறைய வந்தன. ஜப்பானின் முதல் வெற்றிகரமான பேசும்படம் 1931இலேயே, ஓசு வேலைபார்த்த அதே ஷோச்சிக்கு படநிறுவனத்தில், ஹெய்னோசுகே கோஷோ எடுத்துவிட்டார். ஆனால் எல்லாத் தியேட்டரிலும் ஒலிக்கருவி வைக்கக் காலம் பிடித்தது. பென்ஷிகளும் ஒரு காரணம். திரைக்குப் பக்கத்தில் நின்று படத்தைச் சொல்லிக்கொண்டே போகிறவர்கள், நட்சத்திரங்களுக்குச் சமமாகப் பெயர் வாங்கியவர்கள். 1932இல் வேலை போகிறதே என்று வேலைநிறுத்தம் செய்தார்கள், தோற்றார்கள். பின்னால் பெரிய இயக்குநரான அகிரா குரோசாவாவின் அண்ணன் ஒரு பென்ஷி, அடுத்த வருடம் தற்கொலை செய்துகொண்டார். வேலையிழந்தவனைப் பற்றிய ஊமைப்படங்கள் ஓடிய அரங்குகளிலேயே அதைச் சொன்னவர்களும் வேலையிழந்துகொண்டிருந்தார்கள்.

ஓசு தாமதித்ததற்கு இன்னொரு காரணம் ஹிடெயோ ஷிகெஹரா. இந்தப் படத்தின் ஒளிப்பதிவாளர். அவர் சொந்தமாக ஒரு ஒலிப்பதிவு முறையை உருவாக்கிக்கொண்டிருந்தார், அது தயாராகும்வரை காத்திருக்கிறேன் என்று ஓசு வாக்குக் கொடுத்திருந்தார். 1936இல் ‘ஒரே மகன்’ அந்த முறையில்தான் எடுக்கப்பட்டது. இன்று பிரதி கிடைக்கிற ஓசுவின் ஊமைப்படங்களில் கடைசி ‘டோக்கியோவில் ஒரு விடுதி’தான்.

பழையரீல்:

நல்லது, மழைக்காகிதம் கேட்டதால் எனக்கு ஒன்று சொல்ல வாய்ப்பு கிடைத்தது. இந்தப் படம் பேசாமல் இருப்பதால்தான் அந்தக் கற்பனைச் சாப்பாட்டுக் காட்சி அப்படி அமைந்தது.

புல்வெளியில் மூன்று பேரும் பசியோடு உட்கார்ந்திருக்கிறார்கள். அப்பாவுக்கு ஒரு வாய் சாக்கே (அரிசி மது) குடிக்க ஆசை. ஜென்கோ இல்லாத குப்பியை எடுத்து, இல்லாத கிண்ணத்தில் ஊற்றிக் கொடுக்கிறான். கிஹாச்சி அதை ரசித்துக் குடிக்கிறான், வாயைத் துடைத்துக்கொள்கிறான். பிறகு பையன்களும் இல்லாத சோற்றை இல்லாத கிண்ணத்திலிருந்து வாரி வாரிச் சாப்பிடுகிறார்கள். பின்னாலே தொழிற்சாலைகள். ஊமைப்படத்தில் நிஜச் சாப்பாட்டுக்கும் சத்தம் இல்லை, பொய்ச் சாப்பாட்டுக்கும் சத்தம் இல்லை, அதனால் ஒரு கணம் நாமும் நம்பிவிடுகிறோம். பேசும்படத்தில் கிண்ணம் வைக்கிற ஓசை வராததே காட்டிக்கொடுத்திருக்கும்.

இதில் கவனிக்க வேண்டியது யார் யாருக்குப் பரிமாறுகிறார்கள் என்பது. பையன் அப்பாவுக்கு ஊற்றிக் கொடுக்கிறான். அப்பாவின் வேலையைப் பையன் எடுத்துக்கொண்டுவிட்டான். நாய் பிடித்தபோது நிஜமாக, இங்கே விளையாட்டாக. தென்றல்வெளி, நீங்கள் பையன்கள் எங்கே என்று கேட்டீர்கள். அவர்கள்தான் படம் முழுக்க அப்பாவைச் சுமக்கிறார்கள், கடைசியில் ஆஸ்பத்திரிக்குப் பணம் கொண்டுபோவதும் அந்த வரிசையில்தான் வருகிறது. கிஹாச்சி செய்தது சரி என்று நான் சொல்லவே இல்லை. அவன் செய்யக்கூடியது வேறு என்ன இருந்தது என்றுதான் கேட்கிறேன். ஓட்சுனேயிடம் முதலில் கடன்தானே கேட்டான்? காரணத்தைச் சொல்லாமல் கேட்டான், பெண் விவகாரத்துக்கோ குடிக்கோ என்று நினைத்து அவள் மறுத்தாள். சோக்கோ ஈடா அந்த மறுப்பை நடித்திருக்கும் விதத்தைப் பாருங்கள், கஞ்சத்தனம் துளியும் இல்லை, இவன் மறுபடி கெட்டுப்போய்விடுவானோ என்ற பயம்தான். அவளுடைய அக்கறைதான் அவனைத் திருட வைக்கிறது. இதில் வில்லனே இல்லை, அதுதான் என்னை உலுக்குகிறது.

தென்றல்வெளி:

அந்தச் சாப்பாட்டுக் காட்சி பற்றி நீங்கள் எழுதியதில் எனக்கு ஒரு மறுப்பும் இல்லை. ஆனால் “வேறு என்ன இருந்தது” என்ற கேள்விக்குப் பதில் உங்கள் பதிவிலேயே இருக்கிறது. காரணத்தைச் சொல்லியிருக்கலாம்! ஒரு வாக்கியம். “ஓடாகாவின் குழந்தை ஆஸ்பத்திரியில் இருக்கிறது” என்று ஓட்சுனேயிடம் சொல்லியிருந்தால் அவள் எப்படியாவது புரட்டிக் கொடுத்திருப்பாள். இன்னொரு பெண்ணுக்காகக் கேட்கிறேன் என்று சொல்ல வெட்கம். அந்த ஆண் கௌரவம்தான் பிள்ளைகளை அநாதையாக்கியது, வறுமை மட்டும் அல்ல.

இதோடு இன்னொரு இயக்குநர் மிக்கியோ நருசேவின் ‘ஒவ்வொரு இரவின் கனவுகள்’ (1933) பாருங்கள். அதே ஷோச்சிக்கு, அதே காலம். ஓமிட்சு துறைமுகத்தில் மதுக்கடைப் பெண், சின்ன மகனை வளர்க்கிறாள். விட்டுவிட்டு ஓடிப்போன கணவன் திரும்பி வருகிறான், வேலை தேடுகிறான், கிடைக்கவில்லை. மகன் மேல் கார் மோதுகிறது. மருத்துவச் செலவு. கணவன் திருடிக்கொண்டு வருகிறான். கதை ஒன்றேதான், இல்லையா? ஆனால் நருசே அந்தப் பணத்தை அவளிடம் கொண்டுவந்து நிறுத்துகிறார், அவள் அதை ஏற்கவில்லை, போய்ச் சரணடை என்கிறாள். அவன் கடலில் விழுந்து செத்துப்போகிறான். அவன் எழுதிவைத்த கடிதத்தை அவள் பல்லால் கடித்துக் கிழிக்கிறாள், கோழை என்று திட்டுகிறாள். மகனிடம் நீ பலமாக வளர வேண்டும் என்கிறாள். சுமிகோ குரிஷிமா என்ன ஒரு நடிப்பு!

‘டோக்கியோவில் ஒரு விடுதி’யில் ஓடாகாவிடம் யாராவது கேட்டார்களா, இந்தப் பணம் உனக்கு வேண்டுமா என்று? பணம் எங்கிருந்து வந்தது என்று தெரியும்போது அவள் என்ன நினைப்பாள்? படம் அவளை ஆஸ்பத்திரியிலேயே விட்டுவிட்டுக் கிஹாச்சியின் பின்னால் போய்விடுகிறது. உங்கள் கணக்கு எத்தனை சரியாக இருந்தாலும் அவளும் அதில் ஒரு எண்ணாகத்தான் இருக்கிறாள். என் குறை அதுதான், அழுகைப் படம் என்பதல்ல.

நள்ளிரவுரயில்:

ஓடாகாவாக நடித்த யோஷிகோ ஒகாடாவைப் பற்றி இரண்டு வரி. 1938 ஜனவரியில், நாடக இயக்குநர் ரியோகிச்சி சுகிமோட்டோவோடு ஜப்பானும் சோவியத்தும் அப்போது பங்கிட்டிருந்த சகாலின் தீவில் பனி எல்லையைக் கடந்து சோவியத் நாட்டுக்குள் போய்விட்டார். ஒற்றர் என்று இருவரையும் பிடித்தார்கள். சுகிமோட்டோவை 1939இல் சுட்டுக்கொன்றார்கள். ஒகாடா முகாமிலும் சிறையிலும் வருடக்கணக்கில் இருந்து வெளியே வந்து, 1972இல்தான் மறுபடி ஜப்பான் மண்ணை மிதித்தார். 1992இல் மாஸ்கோவில் இறந்தார். படத்துக்கும் இதற்கும் சம்பந்தம் இல்லைதான், ஆனால் இது தெரிந்தபிறகு அந்தச் சாராயக் கடைக் காட்சியில் அவர் முகத்தை என்னால் பழையபடி பார்க்க முடியவில்லை.

மழைக்காகிதம்:

தென்றல்வெளி சொன்ன நருசே படத்தை நேற்று இரவே பார்த்துவிட்டேன். கேமரா ஆட்களின் முகத்தை நோக்கிப் பாய்ந்துபோகிறது, அடிக்கடி. ஓசுவிடம் அது இல்லை. கிஹாச்சி படத்தில் தந்திக் கம்பங்களும் கேபிள் சுற்றும் பெரிய மரச் சக்கரங்களும் ஆள் இல்லாமல் அப்படியே நிற்கும், ஆட்கள் அவற்றைக் கடந்துபோவார்கள். இரண்டு பேரும் ஒரே நிறுவனம் என்று நம்பவே முடியவில்லை.

கரும்பலகை:

நிறுவனத் தலைவர் ஷிரோ கிடோவே நருசேயிடம் எங்களுக்கு இரண்டு ஓசு வேண்டாம் என்று சொன்னதாகப் பலரும் எழுதியிருக்கிறார்கள். நருசே 1934இல் விலகிப் பி.சி.எல். என்ற வேறு படநிறுவனத்துக்குப் போய்விட்டார். நீங்கள் சொல்லும் இந்த வேறுபாட்டைப் பார்த்தால் அந்தப் பேச்சு எத்தனை அநியாயம் என்று புரிகிறது. அவருடைய ஊமைப்படங்களில் இப்போது ஐந்துதான் மிச்சம், கிடைக்கும்போதே பாருங்கள்.

பழையரீல்:

தென்றல்வெளி கேட்ட ஓடாகா கேள்வி கனமானது. நருசேயின் படத்தில் பெண்ணிடமிருந்து கதை நகர்கிறது, ஓசுவின் படத்தில் அப்பாவிடமிருந்து, அதனால் ஓடாகாவுக்குக் கோபப்பட இடம் கிடைக்கவில்லை என்பது உண்மைதான். ஆனால் வெட்கத்தால் மட்டும் அவன் காரணத்தைச் சொல்லவில்லை என்பதை நான் ஏற்கமாட்டேன். கூரை கொடுத்தவளிடம், வேலை வாங்கிக் கொடுத்தவளிடம், மூன்றாவதாகப் பணமும் கேட்கிறான். அவனுக்கு அவளிடம் கேட்கும் உரிமை தீர்ந்துவிட்டது என்று அவனே நினைக்கிறான். இல்லாதவனுக்கு ஒவ்வொரு உதவியும் ஒரு கணக்கு. அதை எழுதிவைப்பது கொடுத்தவள் அல்ல, வாங்கியவன்தான்.

இன்னொன்று. ‘தேகிகோகோரோ’வில் இதே கிஹாச்சி, கடனை அடைக்கக் கப்பல் ஏறியவன், மகனை விட்டுப் போக முடியாமல் நடுவழியில் தண்ணீரில் குதித்து நீந்தித் திரும்பிவிடுகிறான். கடன் அப்படியே நிற்கிறது, யாரும் அதைக் கேட்பதில்லை, பார்ப்பவர்கள் சந்தோஷமாக எழுந்து போகலாம். இரண்டே வருடத்தில் அதே நடிகரை, அதே பெயரில் கொண்டுவந்து, இந்தமுறை திரும்பவிடாமல் அனுப்புகிறார் ஓசு. முன்பு குதித்துத் தப்பித்ததற்கும் சேர்த்து அவனிடம் கணக்குத் தீர்த்தமாதிரி இருக்கிறது எனக்கு. இரண்டையும் அடுத்தடுத்துப் பார்த்துவிட்டு, இந்த முடிவு ஒட்டவைத்ததா என்று சொல்லுங்கள்.

தென்றல்வெளி:

இரண்டையும் பார்த்திருக்கிறேன். முடிவு ஒட்டவைத்தது என்று நான் எங்கும் சொல்லவில்லையே. படத்தின் கணக்குச் சரியாகத்தான் இருக்கிறது, அந்தக் கணக்கைப் போட்ட அப்பாமீதுதான் என் வழக்கு. 1933இல் குதித்துத் திரும்பி வந்தானே, அந்தக் கிஹாச்சியைத்தான் நான் அப்பா என்பேன், கடனோடு இருந்தாலும் சரி.